இடக்கைத் தையல்

மெத்தைக்காரர் வீட்டில் அம்மா காணாமல் போனது மழை பிடித்துக்கொண்ட நாலாம் நாள். காணாமல் போனதாகச் சொல்வது மகன்தான். மருமகள் ஆரம்பத்திலிருந்தே 'கிளம்பிப் போனாங்க' என்றுதான் சொல்லிவந்தாள். "காணாமப் போறவங்க கண்ணாடியத் துடைச்சு கூட்டுல வெச்சு எடுத்துக்கிட்டா போவாங்க?" என்று கேட்டாள்.

அந்த வீட்டைப் பற்றி முதலில் சொல்லிவிட வேண்டும். முன்பக்கம் கடை, பின்பக்கம் வீடு. நடுவில் கதவு கிடையாது, ஒரு சாக்குத்திரைதான். பழைய மெத்தைகளைப் பிரித்து, பஞ்சைக் குச்சியால் அடித்து, மெஷினில் கொடுத்துப் புசுபுசுவென்று ஆக்கி, புது உறையில் அடைத்துத் தைத்துக் கொடுப்பது தொழில். மகன் பஞ்சடிப்பான். மருமகள் தையல் மெஷினில் உறை தைப்பாள். அடைத்த பஞ்சு ஒரு பக்கமாக ஒதுங்கிவிடாமல் இருக்க, நீள ஊசியை மேலிருந்து அடிக்கு விட்டு இழுத்து அங்கங்கே முடிச்சுப் போட வேண்டும். அது இடக்கைக்காரியான அம்மாவின் வேலை. பஞ்சுத்தூசு அந்த வீட்டில் தட்டிலும் இருக்கும், புருவத்திலும் இருக்கும். மெத்தைக்காரர் வீட்டில் யாருக்கு எப்போது தலை நரைத்தது என்று யாராலும் சொல்ல முடியாது என்பார் பால்காரர்.

சாக்குத்திரைக்குப் பின்னால் போனால் முதலில் தெரிவது பெரியவரின் கட்டில். மகனுக்கு அப்பா. பதினொரு வருஷத்துக்கு முன்பு ஒரு காலையில் பல் துலக்கப் போன இடத்தில் வாளியோடு சாய்ந்தவர். இடது பக்கம் முழுக்கப் போய்விட்டது. வாய் போகவில்லை. மிச்சமிருந்த வலது கையில் எறிவதற்கு வேண்டிய பலம் இருந்தது. டம்ளர், கிண்ணம், சில சமயம் செருப்பு. அவரைக் குளிப்பாட்டுவது, துடைப்பது, ஊட்டுவது, ஒரே பக்கமாகக் கிடந்து தோல் வெந்துவிடாமல் நேரத்துக்கு நேரம் திருப்பிப் போடுவது எல்லாம் அம்மாதான். முடிச்சுப் போட்டுக்கொண்டிருக்கும்போதே காதைத் திரைப்பக்கம் வைத்திருப்பாள். "ஏய்" என்று ஒரு குரல் வந்தால் ஊசியை மெத்தையில் குத்திவிட்டு எழுந்து போவாள். படுப்பது கட்டிலுக்குக் கீழே, தரையில், ஒரு பாயில். மெத்தைக்காரர் மனைவி மெத்தையில் படுத்து யாரும் பார்த்ததில்லை.

மழையில் பஞ்சுத் தொழில் படுத்துவிடும். பஞ்சு ஈரத்தை இழுத்துக்கொண்டு கட்டிகட்டியாகி மெஷினில் சிக்கும். வேலையில்லாத கையோடு மூன்று பேரும் ஒரே கூரைக்குள் இருந்தால் என்ன ஆகுமோ அதுதான் ஆனது. ஒரு மத்தியானம் பெரியவர் கஞ்சிக் கிண்ணத்தை எறிந்தார். அது அம்மாவின் காதோரம் பட்டுத் தரையில் உருண்டது. மகன் திரையைத் தூக்கி எட்டிப்பார்த்து, "என்னம்மா, கொஞ்சம் பொறுமையாத்தான் ஊட்டேன்" என்றான். அம்மா தரையைத் துடைத்தாள். காதைக் கழுவினாள். மறுநாள் காலை அவள் இல்லை.

மகன் ஆஸ்பத்திரியில் பார்த்தான், பஸ் ஸ்டாண்டில் பார்த்தான், சித்தி வீட்டில் போய்ப் பார்த்துத் திட்டு வாங்கிக்கொண்டு வந்தான். வீட்டில் அதைவிடப் பெரிய வேலை கிடந்தது.

"நீயாவது கொஞ்சம் பாத்துக்கக்கூடாதா?" என்றான் மனைவியிடம்.

"அவரு எனக்கு மாமனாரு. உங்களுக்கு அப்பா. யாரு பாக்கணும்?"

"நான் ஆம்பள. எனக்கு அதெல்லாம் வராது."

"எனக்கு மட்டும் ஸ்கூல்ல சொல்லிக்குடுத்தாங்களா?"

ஆளுக்குப் பாதி என்று முடிவானது. ஆளுக்குப் பாதி வேலை யாரும் செய்யாத வேலையாகிவிடும். அவள் திருப்பியிருப்பாள் என்று அவன் நினைத்தான், அவன் திருப்பியிருப்பான் என்று அவள் நினைத்தாள். பெரியவர் ஒரே பக்கமாகக் கிடந்து, "எங்கடா அவ?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

"வந்துருவாங்கப்பா."

"வரட்டும். காலை ஒடிக்கிறேன்."

தன் காலைத் தானே நகர்த்த முடியாதவர் அவர். மருமகள் மெஷின் பக்கம் திரும்பிக்கொண்டு சிரித்தாள். பிறகு சிரித்ததற்காகத் தன்மேலேயே எரிச்சல்பட்டாள்.

மூன்று வாரம் கழித்து மழை கொஞ்சம் வெறித்தபோது கன்னியாஸ்திரிகள் இல்லத்து வேன் வந்து பழைய மெத்தைகளை இறக்கிவிட்டுப் போனது. வருஷத்துக்கு ஒருமுறை வருவதுதான். யாருமில்லாத கிழவர் கிழவிகளை வைத்துப் பார்த்துக்கொள்ளும் இடம் அது. யாருமில்லாதவர்கள் மட்டும்தான். பிள்ளை இருப்பதாகத் தெரிந்தால் வாசலோடு திருப்பி அனுப்பிவிடுவார்கள். அங்கே தலைமையாக இருந்த மதருக்கு ஊரில் இரும்பு மதர் என்று பேர். அந்த இடத்தில் அம்மாவைத் தேட வேண்டும் என்று மகனுக்குத் தோன்றாததற்குக் காரணம் இருந்தது. அவன் உயிரோடு இருந்தானே.

மருமகள் மூக்கில் துணியைக் கட்டிக்கொண்டு மெத்தைகளைப் பிரித்தாள். அந்த மெத்தைகளில் மூத்திர வாடை இருக்கும், மருந்து வாடையும் இருக்கும். மூன்றாவது மெத்தையின் விளிம்பில் கத்தரியை வைத்தவள் நிறுத்திக்கொண்டாள். அங்கே ஒரு கிழிசலை யாரோ தைத்திருந்தார்கள். நெருக்கமான, சாய்வுத் தையல். ஆனால் சாய்வு எதிர்ப்பக்கம் இருந்தது. வலது கைக்காரர் தைத்தால் இப்படிச் சாயாது. மூன்று தையலுக்கு ஒருமுறை நூலை இரண்டு சுற்றுச் சுற்றி இறுக்கியிருந்தது.

"இங்க வாங்க" என்றாள் கணவனை. "இது யாரு தையல்?"

அவன் விரலால் தடவிப் பார்த்தான். "அம்மா கை மாதிரி இருக்கு."

"மாதிரி இல்ல. உங்க அம்மாதான். ஊரு உலகத்துல எல்லா இடத்தையும் தேடினீங்க. அவங்க என்னடான்னா, புள்ளை இல்லாதவங்க கூட்டத்துல போய் உக்காந்துக்கிட்டு மெத்தை தைச்சுக்கிட்டிருக்காங்க."

அந்தத் துண்டை மட்டும் வெட்டி எடுத்துக்கொண்டார்கள். கடையைச் சாத்தி, பெரியவருக்குத் தண்ணீர் கொடுத்து, இரண்டு பேரும் கிளம்பினார்கள்.

மதரின் அறையில் ஒரு மேசை, மூன்று நாற்காலி, சுவரில் ஒரு சிலுவை. உட்காரச் சொல்லவில்லை.

"மெத்தை அதுக்குள்ள முடிஞ்சிடுச்சா?"

"மெத்தை விஷயம் இல்ல மதர். எங்க அம்மா இங்க இருக்காங்க" என்றான் மகன்.

"இங்க இருக்கற யாருக்கும் மகன் கிடையாது."

மருமகள் துணித் துண்டை மேசைமேல் வைத்தாள். "இதைத் தைச்சவங்களுக்கு உண்டு."

மதர் துண்டைப் பார்த்தார். முகம் மாறவில்லை, கழுத்து மட்டும் சிவந்தது. சமையல்கட்டுக்கு ஆள் அனுப்பினார். பட்டாணி உரித்த கையோடு அம்மா வந்து நின்றாள். இல்லத்துச் சாம்பல் நிற உடுப்பு. முடியைக் கத்தரித்திருந்தார்கள். கன்னத்தில் சதை கொஞ்சம் கூடியிருந்தது. மகனுக்கு அதுதான் முதலில் கண்ணில் பட்டது. கோபமும் அங்கேதான் வந்தது.

"இவங்க யாருன்னு தெரியுதா?" என்றார் மதர்.

"தெரியுமே. மெத்தைக்காரங்க."

"அம்மா" என்றான் மகன்.

"இங்க எல்லாக் கிழவியையும் அம்மான்னுதான் கூப்பிடறாங்க."

"அத்தை, போதும்" என்றாள் மருமகள். "தையல் காட்டிக்குடுத்துடுச்சு."

அம்மா மேசைமேல் கிடந்த துண்டைப் பார்த்தாள். "கிழிஞ்சு பஞ்சு வெளிய தள்ளிக்கிட்டு இருந்துச்சு. பாத்துட்டு எப்படிச் சும்மா இருக்கறது."

"சும்மா இருந்திருந்தா நீங்க இங்கயே இருந்திருக்கலாம்."

"ஆமா. சும்மா இருக்கத்தான் தெரியல எனக்கு."

மதர் எழுந்து நின்றார். "புருஷன் செத்துட்டார், புள்ளைங்க இல்லன்னு சொன்னீங்க. கேட்டுக்கு வெளிய மழைல உக்காந்து சொன்னீங்க. நான்தான் உங்க தலையத் துவட்டி விட்டேன்."

"துவட்டினீங்க. மறக்கல."

"புருஷன் உயிரோட இருக்கும்போது அப்படிச் சொல்ல எப்படி வாய் வந்துச்சு?"

"வாய் இப்பதான் சொல்லுச்சு மதர். மனசு ரொம்ப வருஷமா சொல்லிக்கிட்டிருந்துச்சு."

"அம்மா, என்ன பேச்சு இது" என்றான் மகன்.

மதர் அவனைக் கையமர்த்தினார். "உங்களைச் சேத்துக்கிட்ட மறுநாள் பஸ் ஸ்டாண்டுல ஒரு அம்மா நனைஞ்சுகிட்டுக் கிடந்தாங்க. இங்க கட்டில் இல்ல. ஆஸ்பத்திரி வராந்தாவுல விட்டுட்டு வந்தோம். அவங்க கட்டில்ல நீங்க படுத்திருந்தீங்க."

"இப்ப எப்படி இருக்காங்க?"

"இல்ல."

அம்மா கையிலிருந்த பட்டாணித் தோலைக் கசக்கினாள். "அதையும் என் தலையிலயே எழுதுங்க. அந்த மனுஷன் விழுந்ததும் என்னாலதான்னாரு. பஞ்சு ஈரமானாலும் என்னாலதான். இதுவும் கெடக்கட்டும்."

"நான் பழி போடல. நடந்ததைச் சொல்றேன்."

"மதர், ஒண்ணு கேக்கறேன். உங்க விரல்ல மோதிரம் இருக்கு. சாமியையே கல்யாணம் கட்டிக்கிட்டதா சிஸ்டருங்க சொன்னாங்க. அவரு ஒருநாளாவது உங்க மேல கிண்ணத்தை எறிஞ்சிருக்காரா?"

மதர் மோதிரத்தைப் பார்த்தார். "இல்ல."

"உங்களுக்கு நல்ல இடத்துல அமைஞ்சிடுச்சு."

மருமகளுக்குச் சிரிப்பு வந்தது. இருமுவதுபோல் வாயைப் பொத்திக்கொண்டாள். மகன் இருவரையும் மாறிமாறி முறைத்தான். "இப்ப கிளம்பும்மா. அப்பா நீ இல்லாம சாப்பிட மாட்டேங்கறாரு. உன்னையேதான் கேக்கறாரு."

"எதுக்குக் கேக்கறாரு?"

காலை ஒடிப்பதற்கு என்று அவன் எப்படிச் சொல்வான்?

"இன்னிக்கு அனுப்ப மாட்டேன்" என்றார் மதர். "இங்கருந்து ஒருத்தரை ஒரு வீட்டுக்கு அனுப்பறதா இருந்தா அந்த வீட்டை முதல்ல நாங்க பாக்கணும். நாளைக்கு நானே வரேன்." பிறகு அம்மாவிடம், "பொய் சொன்ன ஆளுக்கு இங்க இடம் கிடையாது. அதை நினைச்சுக்கிட்டே பட்டாணிய உரிங்க" என்றார்.

மறுநாள் காலையில் மகன் வீடு முழுக்கப் பினாயில் தெளித்தான். பெரியவருக்கு மேலே புதுப் போர்வையை விரித்தான். மருமகள் மெஷினை விட்டு எழவில்லை. "போர்வைய மூடினா போதுமா? மதரு என்ன போட்டோ புடிக்கவா வராங்க?"

மதர் குடையோடு தனியாக வந்தார். சாக்குத்திரையைத் தானே தூக்கிக்கொண்டு உள்ளே போனார். பெரியவர் அந்த வெள்ளை உடுப்பை ஏற இறங்கப் பார்த்தார்.

"யாரு நீ? எவன் செத்துட்டான்னு வெள்ளை கட்டிக்கிட்டு வர்ற?"

"இன்னும் யாரும் சாகல. திரும்புங்க."

திரும்பும் வேலை அவருடையதல்ல என்பதுபோல் அவர் கிடந்தார். மதர் போர்வையை எடுத்துக் கீழே போட்டார். ஒரு கையைத் தோளுக்கடியிலும் ஒரு கையை இடுப்புக்கடியிலும் கொடுத்து, மூட்டையைப் புரட்டுவதுபோல் ஒரே புரட்டில் புரட்டினார். வாடை எழுந்தது. பினாயில் அதை மறைக்கவில்லை. இடுப்புக்குக் கீழே உள்ளங்கையகலத்துக்குத் தோல் போய்ச் சிவந்து, நடுவில் கறுத்திருந்தது.

"இது எப்ப வந்துச்சு?"

மகன் மனைவியைப் பார்த்தான்.

"என்னைப் பாக்காதீங்க" என்றாள் அவள். "அத்தை இருந்த வரைக்கும் அங்க ஒரு சின்னத் தடிப்புகூட இருந்ததில்ல. அவங்க போனப்பறம் வந்தது. நாம பாத்துக்கிட்ட லட்சணம்."

மதர் பையிலிருந்து மருந்தை எடுத்துப் புண்ணைக் கழுவினார். பெரியவர் வலியில் கையை வீசி அவர் தலைத்துணியைப் பிடித்து இழுத்தார். துணி நழுவி, குட்டையாக வெட்டிய நரைமுடி வெளியே தெரிந்தது. மதர் துணியைச் சரிசெய்யவில்லை. பெரியவருடைய விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து விலக்கிக் கையைக் கட்டில்மேல் வைத்துவிட்டு, வேலையைத் தொடர்ந்தார்.

"அவ எங்க? அவள வரச்சொல்லு. உன் கையெல்லாம் ஒரே சோப்பு நாத்தம்."

"வர மாட்டாங்க" என்றார் மதர்.

பெரியவர் ஒரு கெட்ட வார்த்தை சொன்னார். அது மனைவிக்கா, மதருக்கா என்பது தெளிவாக இல்லை.

முடித்துக் கை கழுவிக்கொண்டு மதர் கடைப்பக்கம் வந்தார். தலைத்துணியைக் கட்டிக்கொண்டே பேசினார். "புள்ளை குட்டி உள்ளவங்களை நாங்க எடுக்கறதில்ல. ஆனா இந்த வீட்டுல மூணு பேர் இருந்தும் ஒரு ஆள்தான் பாத்திருக்காங்க. அந்த ஆள் போனதும் இவருக்கு யாரும் இல்ல. இந்தப் புண்ணு இன்னும் ரெண்டு வாரம் இங்க இருந்தா எலும்பு தெரியும். இவரை நான் கூட்டிட்டுப் போறேன். உங்க அம்மா படுத்திருந்த கட்டில் காலியாகுது. அம்மா இங்க வந்துடுவாங்க."

மகனுக்கு முகம் கறுத்துவிட்டது. "பெத்த அப்பனை அநாதை இல்லத்துல கொண்டுபோய்ப் போட்டான்னு ஊரே காறித் துப்பும் மதர்."

"துப்பட்டும்" என்றாள் மனைவி. "அந்த ஊரு வந்து அவரைத் திருப்பிப் போடுமா?"

"நீ சும்மா இரு."

"சும்மாதான் இருந்தேன். நானும் நீங்களும் சும்மா இருந்ததாலதான் அவருக்குப் புண்ணு வந்துச்சு."

அவன் மதர் பக்கம் திரும்பினான். "அப்பா இங்கயே இருக்கட்டும், அம்மாவை மட்டும் அனுப்பிடுங்க. அவங்க வந்தாப் புண்ணெல்லாம் ஆறிடும். அவங்களுக்குப் பழக்கம்."

மதர் அவனை முதல்முறையாக நேராகப் பார்த்தார். "அதுக்குன்னா அனுப்ப மாட்டேன். இவர் இங்கருந்து கிளம்பறதா இருந்தாத்தான் அவங்க வருவாங்க. அவரைச் சேத்துக்கறதுக்கு ஒரு கண்டிஷன் உண்டு. வியாழக்கிழமை தோறும் வீட்டுல இருந்து ஒருத்தர் வந்து, காலையிலிருந்து சாயங்காலம் வரைக்கும் அவரைப் பாக்கணும். துடைக்கணும், ஊட்டணும், எல்லாம்."

"சரி, அம்மாவை..."

"நீங்க. வேற யாரு வந்தாலும் கேட்டைத் திறக்க மாட்டேன்."

"கடை இருக்கே மதர்."

"கடை இருக்கு. அப்பாவும் இருக்கார்."

அன்று மத்தியானமே மதர் வேனோடு மறுபடி வந்தார். அம்மா அதில்தான் வந்து இறங்கினாள், சாம்பல் உடுப்பை இல்லத்திலேயே கழற்றிக் கொடுத்துவிட்டு, வந்தபோது கட்டியிருந்த துணியோடு. இறங்கும்போது மதரிடம், "என் இடத்தைப் புடுங்கி அவருக்கே குடுத்துட்டீங்க. இங்க வந்தா இவங்க என்னை மறுபடி வேலை வாங்குவாங்க" என்றாள்.

"வாங்குவாங்க. அதுக்கு எங்ககிட்ட மருந்து இல்ல. உங்களுக்கு வாய் இருக்கு, நான் கேட்டிருக்கேன்."

பெரியவரை ஸ்ட்ரெச்சரில் தூக்கி வந்தார்கள். அவர் அவளைப் பார்த்துவிட்டார். "வந்துட்டியா. வா, வந்து காலப் பிடி."

ஸ்ட்ரெச்சரின் கால்பக்கத்தில் தூக்குவதற்கு ஒரு ஆள் குறைவாகத்தான் இருந்தது. எல்லோரும் அவளைப் பார்த்தார்கள். அம்மா ஓரமாக ஒதுங்கினாள். சாக்குத்திரை அவர் முகத்தில் உரசாதபடி தூக்கிப் பிடித்துக்கொண்டாள். மருமகள் மெஷினிலிருந்து எழுந்து வந்து கால்பக்கம் பிடித்தாள். வேன் கதவு மூடும்வரை அவர் கத்தியது கேட்டது.

வியாழக்கிழமை மகன் காலையில் போனான். அன்று வெயில் காய்ந்ததால் இரண்டு பெண்களும் ஈரப்பஞ்சை வாசலில் பரப்பி, மாலையில் அள்ளி, இல்லத்து மெத்தைகளில் இரண்டை அடைத்து முடித்திருந்தார்கள். அம்மா முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தாள். இருட்டுவதற்கு முன் அவன் வந்தான். சட்டை முன்பக்கம் முழுக்கக் கஞ்சி.

"என்னங்க இது?" என்றாள் மனைவி.

"எறிஞ்சாரு."

"கிண்ணத்தோடவா?"

"கிண்ணத்தோடதான்." நெற்றியில் ஒரு வீக்கம் இருந்தது. முக்காலியில் உட்கார்ந்தான். "நான் எழுந்து வெளிய வந்துட்டேன். மதர் வராந்தாவுலயே நிக்கறாங்க. துடைச்சுக்கிட்டு அடுத்த கரண்டியக் குடுங்கன்னாங்க. இருபது முப்பது பேரு படுத்திருக்காங்க, எல்லாரும் என்னையே பாக்கறாங்க. போயி மறுபடி ஊட்டினேன். அதையும் துப்பினாரு. அப்பறம் துடைச்சு, அப்பறம்..." அதற்குமேல் சொல்லாமல் கைகளைப் பார்த்தான். "எப்படித்தான்" என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டான்.

அம்மா ஊசியை அடியில் வாங்கி மேலே இழுத்தாள். நூலை இரண்டு சுற்றுச் சுற்றினாள்.

"அப்பா உன்னைத்தாம்மா கேட்டுக்கிட்டே இருந்தாரு."

"அடுத்த வாரமும் கேப்பாரு."

அவன் எழுந்து சட்டையைக் கழற்றினான். வழக்கப்படி, பார்க்காமலே, அம்மா பக்கம் நீட்டினான். சட்டை நீட்டியபடியே நின்றது. கஞ்சி ஒரு சொட்டு கீழே விழுந்தது. மருமகளின் மெஷின் நின்றுவிட்டிருந்தது. அவள் உறையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"குழாயடியில வாளி இருக்கு" என்றாள் அம்மா. "வெந்நீர் ஊத்தாத. கறை ஒட்டிக்கும்."

அவன் இன்னும் கொஞ்ச நேரம் நின்றான். பிறகு சட்டையைச் சுருட்டிக் கையில் எடுத்துக்கொண்டு சாக்குத்திரைக்குள் போனான். உள்ளே குழாயைத் திறக்கும் சத்தம் கேட்டபிறகுதான் மெஷின் மறுபடி ஓடியது.